பூக்கேட்ட பொறவு

சித்தெ முன்னால சாஞ்சு உக்காருங்க அம்மிணி. ஆமா, அப்படித்தான். அவ திரும்பினா நான் தெரியக் கூடாது. கோவிச்சுக்காதீங்க, குண்டா இருக்கீங்கன்னு சொல்லலை. மறைப்பா இருக்கீங்கன்னுதான் சொன்னேன்.

ஆருன்னு கேக்கறீங்களா? அதா, முன்னால பாருங்க. பச்சைச் சுடிதாரு, ஒத்தைச் சடை. ஜன்னலோரம் தேங்காப் பழக் கூடையோட ஒரு பெரியம்மா உக்காந்திருக்குதே, அதுக்குப் பக்கத்துல. அவதான். மேகலா. எம்பொண்ணு. ஒரே பொண்ணு. வர்ற ஆவணியோட இருபத்தாறு முடியுது.

நான் இந்த வண்டியில இருக்கறது அவளுக்குத் தெரியாது. அவ முன்வாசல்ல ஏறினா, நான் பின்வாசல்ல ஏறிட்டேன். என் தலையைப் பாருங்க, பூராப் பஞ்சு. கண்ணாடி பாக்க நேரம் ஏதுங்க? எங்க ஊட்டுல நாலு விசைத்தறி. துண்டு ஓட்டறோம். ஓடற தறியை அப்படியே போட்டுட்டு, பக்கத்து ஊட்டு சரசுகிட்ட, "தறியை நிறுத்து சரசு"ன்னு கத்திக்கிட்டே ஓடியாந்தேன். "எங்கக்கா போற?"ன்னு கேட்டா. எங்க போறேன்னு எனக்கே தெரியலை. அவ பின்னாலயே போறேன், அவ்வளவுதான்.

பயமுங்க. வேற ஒண்ணுமில்லை. அஞ்சு மாசமா வயித்துக்குள்ள ஒரு தறி ஓடிக்கிட்டே இருக்குது. சுவிட்சு எங்க இருக்குதுன்னு தெரியலை.

ஒரு பையன் இருந்தானுங்க. பூபதின்னு பேரு. தறி ரிப்பேரு பாக்கறவன். எங்க சந்துல எந்தத் தறி நின்னாலும் அவன்தான் வருவான். நல்ல பையன். கை சுத்தம், வாய் சுத்தம். நல்ல பையன்னுதான் நானும் சொல்றேன், இல்லைன்னு சொல்லலை. மூணு வருசமா அவனும் இவளும் ஒருத்தரை ஒருத்தர் நெனைச்சுக்கிட்டிருந்திருக்காங்க. எனக்குத் தெரியாதுன்னு நெனைச்சாங்க. எங்க ஊட்டுத் தறி அந்த மூணு வருசம் மாதிரி எப்பவும் கெட்டதில்லைங்க. வாரத்துக்கு ஒருக்கா ஏதாச்சும் ஒண்ணு கழண்டு கெடக்கும். இவளே நட்டைக் கழட்டி வுட்டுட்டு, "அம்மா, மூணாம் தறி நின்னுருச்சு"ம்பா. எனக்குக் காது நல்லாக் கேக்கும். அது தானா நின்ன சத்தமா, நிறுத்தின சத்தமான்னு எனக்குத் தெரியாதா?

மொறையா அவங்கம்மாவையும் கூட்டிக்கிட்டுப் பொண்ணு கேக்க வந்தான். ராசாமணின்னு பேரு அந்தம்மாளுக்கு. அப்பத்தான் சொன்னாங்க, பையனுக்கு இச்சல்கரஞ்சியில வேலை கெடைச்சிருக்குதாம், பெரிய தானியங்கித் தறியாம், கண்ணாலம் முடிஞ்சதும் ரெண்டு பேரும் அங்கயே போயிருவாங்களாம். இச்சல்கரஞ்சி எங்க இருக்குதுன்னு உங்களுக்குத் தெரியுங்களா? மராட்டி தேசத்துல இருக்குதாமுங்க. ரயில்ல ஒரு பகலும் ஒரு ராத்திரியும்.

நான் வேண்டாம்னு சொல்லலை. ஒரு வார்த்தை சொல்லலை. "எதுக்கும் ஆத்தாகிட்டப் பூக் கேட்டுப் போடலாம்"னு மட்டும் சொன்னேன்.

உங்க பக்கம் பூக் கேக்கறது உண்டுங்களா? இல்லையா? எங்க பக்கம் கெணறு வெட்டறதுன்னாலும், ஊடு கட்டறதுன்னாலும், கண்ணாலம்னாலும் செல்லாண்டியாத்தாகிட்டப் பூக் கேட்டுத்தான் செய்வோம். வெள்ளை அரளி ஒண்ணு, செவப்பு அரளி ஒண்ணு. தனித்தனியா எலையில வெச்சு, உள்ள இருக்கறது தெரியாத மாதிரிப் பொட்டலம் கட்டி, ஆத்தா காலடியில வெச்சுருவாங்க. பூசை முடிஞ்சதும் ஒரு ஆளு கண்ணை மூடிக்கிட்டு ஒண்ணை எடுக்கோணும். வெள்ளை வந்தா ஆத்தா சரின்னுட்டா. செவப்பு வந்தா வேண்டாம்னுட்டா. அதுக்கு மேல பேச்சே கெடையாது. கலெக்டரு சொன்னாலும் கெடையாது.

போன ஐப்பசியில போனோம். இதே வண்டிதான், இதே ரோடுதான். இன்னும் அரை மணி நேரத்துல அந்தக் கோயில் பிரிவு வரும் பாருங்க. ராசாமணியே எடுக்கட்டும்னு நான்தான் சொன்னேன். நாளைக்கு ஒரு பேச்சு வந்துரக் கூடாது பாருங்க. அந்தம்மாளும் சேலை முந்தானையில கையைத் தொடைச்சுக்கிட்டு, கண்ணை மூடிக்கிட்டு, ஒண்ணை எடுத்துப் பிரிச்சுது.

செவப்பு.

அந்தம்மா தன் மகன் மூஞ்சியப் பாத்துது. அந்தப் பையன் வெளிய போய்ச் செருப்பைப் போட்டுக்கிட்டு நடந்துட்டான். வேற ஆரு செருப்பையோ போட்டுக்கிட்டுப் போயிட்டானுங்க. ரோடு வரைக்கும் போன பொறவு தெரிஞ்சு, திரும்பி வந்து மாத்திக்கிட்டுப் போனான். அப்பக்கூட இவளை நிமுந்து பாக்கலை.

அன்னிக்கு நான்தான் அழுதேன். இவ அழுவலை. திரும்பி வரும்போது என் கையைப் பிடிச்சுக்கிட்டு, "சாமியே சொல்லிருச்சு, விடும்மா. நீ எதுக்கு அழுவற?"ன்னா. பாத்துக்குங்க. எனக்கு இவ ஆறுதல் சொல்றா.

தையில அவனுக்குத் திருச்செங்கோட்டுப் பக்கம் பொண்ணு பாத்துக் கண்ணாலம் முடிச்சுட்டாங்க. பத்திரிகை எங்க ஊட்டுக்கும் வந்துச்சு. இவ வாங்கிப் படிச்சா. ஒரு எழுத்து விடாமப் படிச்சா. படிச்சுட்டு, "மண்டபம் நல்ல மண்டபம்தாம்மா"ன்னா. அன்னிக்கும் அழுவலை.

அழுதிருந்தா நான் பயந்திருக்க மாட்டேன். கத்தட்டும், ஏனத்தைத் தூக்கி எறியட்டும், என்னைய நாலு பேச்சுப் பேசட்டும். ஒண்ணுமில்லை. சாப்புடுன்னா சாப்புட்டா. படுன்னா படுத்தா. சரசு சொன்னா, "உம்பொண்ணு கெட்டிக்காரிக்கா, மனசைத் தேத்திக்கிட்டா"ன்னு. எனக்குத் தெரியும், அது தேத்திக்கிட்டது இல்லைன்னு.

எப்படித் தெரியும்னா, மாசியில ஒரு நாளு மத்தியானம் ரெண்டு பேரும் தறிக்கு நடுவுல நின்னுக்கிட்டிருந்தோம். நாலும் ஓடுது. பக்கத்துல நின்னு பேசினாலே காது கேக்காது, அப்படிச் சத்தம். இவ என் தோளைத் தொட்டு, "அம்மா, தறி நின்னுருச்சா?"ன்னு கேக்கறா.

அப்பத்தான் எனக்குத் தெரிஞ்சு போச்சுங்க. ஏன்னா நானும் ஒருக்கா அப்படி இருந்திருக்கேன். இவளுக்கு மூணு வயசு இருக்கும்போது இவங்கப்பன், தறிக்குப் பாவு நூல் போடற எடத்துல ஒருத்தி இருந்தா, அவளோட போயிட்டான். சாகலை, போயிட்டான். செத்திருந்தா நாலு பேரு வந்து அழுதிருப்பாங்க. போனதுக்கு ஆரு அழுவா? அப்ப எனக்கு இப்படித்தான் தறிச் சத்தம் கேக்காமப் போச்சு. ஓடற தறி முன்னால நின்னுக்கிட்டு, நின்னுருச்சுன்னு நெனைச்சுச் சுவிட்சைத் தட்டித் தட்டிப் பாத்திருக்கேன். அந்த நாளுல என் மனசுக்குள்ள என்ன ஓடிக்கிட்டிருந்துச்சுன்னு நான் ஆருகிட்டயும் சொன்னதில்லை. இப்பவும் சொல்ல மாட்டேன். அது இவ மனசுக்குள்ளயும் ஓடுமோன்னுதான் பயம். இவ வந்து சேலையைப் பிடிச்சு இழுத்து, "பசிக்குதும்மா"ன்னு சொன்னா, நான் பொழைச்சேன். இவ சேலையைப் பிடிச்சு இழுக்க ஆரு இருக்கறாங்க?

அன்னியில இருந்து நான் அவளைத் தனியா விடறதில்லை. உள்தாப்பாளையெல்லாம் கழட்டி எடுத்துட்டேன். கேட்டதுக்கு, துருப் புடிச்சுருச்சுன்னு சொன்னேன். அவ குளிக்கப் போனா நான் கதவுக்கு வெளிய நின்னுக்கிட்டு, "மேகலா, வெல்லம் எங்க வெச்ச?"ம்பேன். "வெச்ச எடத்துல"ம்பா. "மேகலா, இன்னிக்கு என்ன கெழமை?"ம்பேன். "புதன்"ம்பா. "மேகலா, சரசு வந்தாளா?" பதில் வர்ற வரைக்கும் என் உசுரு என்கிட்ட இருக்காது. ஒரு நாளு உள்ள இருந்து, "அம்மா, உசுரோடதான் இருக்கறேன். சோப்புப் போட்டுக்கட்டுமா?"ன்னு கேட்டா. எனக்குச் சிரிப்பும் வந்துச்சு, அழுகையும் வந்துச்சு. இருந்தும் அடுத்த நாளும் போய் நின்னேன்.

என்னங்க? சாமி சொன்னதுக்கு நீங்க எதுக்கு இப்படிப் பயந்து சாகறீங்கன்னு கேக்கறீங்களா?

சத்தமாக் கேக்காதீங்க அம்மிணி.

பொட்டலம் கட்டினது நானுங்க.

நானாக் கட்டறேன்னு சொல்லலை. பொண்ணு ஊட்டுக்காரங்கதான் பூக் கொண்டாரோணும், அது மொறை. தறிக் கொட்டாய் வேலியோரம் எங்களுக்கே அரளிச் செடி இருக்குது. செவப்பு ரெண்டு பறிச்சேன். வெள்ளையும் ஒண்ணு பறிச்சேனுங்க, பொய் சொல்லலை. மடியிலதான் வெச்சிருந்தேன். கோயிலுக்குப் பின்னால உக்காந்து கட்டும்போது கை வெள்ளையை எடுக்கலை. கை எடுக்கலைன்னா நான் என்ன பண்றது? ரெண்டுலயும் செவப்பையே வெச்சுக் கட்டிருச்சு.

அவ நல்லதுக்குத்தானுங்க. அந்த ராசாமணி நாக்கு உங்களுக்குத் தெரியாது. அந்த ஊருல போய்ச் சப்பாத்தியத் தின்னுக்கிட்டு, பாஷை தெரியாம, ஒரு காய்ச்சல் தலைவலின்னா இவளை ஆரு பாப்பா? நான் இங்க நாலு தறியில எத்தனைக்குத்தான் ஓடுவேன்? பொழுது சாஞ்சு கதவைச் சாத்தினா உள்ள நான் ஒருத்தி மட்டும்... அதை விடுங்க. அதுக்காகப் பண்ணலை. அவ நல்லதுக்குத்தான் பண்ணினேன்.

அப்புறம் கேளுங்க. பிரிக்காத பொட்டலம் ஒண்ணு இருக்குதில்ல, அதைப் பூசாரி எடுத்து, "ஓடற தண்ணியில விட்டுரும்மா"ன்னு என் கையிலயே குடுத்துட்டாரு. எனக்கு விடத் தைரியமில்லை. தண்ணியில விட்டா அவிழ்ந்து மேல வந்துரும். மண்ணுல பொதைச்சா மொளைச்சு நிக்கும். ஆத்தா காலுல இருந்த பூ, அடுப்புலயும் போட முடியாது. ஊட்டுல சாமி படத்துக்குப் பின்னால செருகி வெச்சேன். அஞ்சு மாசமா அந்தப் படத்தைக் கும்புடவும் முடியலை, கும்புடாம இருக்கவும் முடியலை. விளக்கை ஏத்தி வெச்சுட்டு வேற பக்கம் பாத்துக்குவேன்.

போன வாரம் கையை விட்டுப் பாக்கறேன், காணம்.

எலையில்லை, பூவில்லை, கட்டின நூலில்லை. எலி அரளிப் பூவைத் திங்குமுங்களா? அதுக்கு முந்தின நாளு மேகலாதான் படத்தையெல்லாம் தொடைச்சா. "ஏம் புள்ள, படத்துக்குப் பின்னால ஏதாச்சும் இருந்துச்சா?"ன்னு கேட்டேன். "தூசிதாம்மா இருந்துச்சு"ன்னா. அப்பத்தான் எனக்குப் புரிஞ்சுது. ஆத்தாளே வந்து எடுத்துட்டுப் போயிட்டா. என்கிட்டச் சாட்சியை வெக்கக் கூடாதுன்னு எடுத்துட்டுப் போயிட்டா. இனிக் கணக்குத் தீக்கப் போறான்னு தெரிஞ்சு போச்சு.

அதுக்கேத்த மாதிரி அன்னியில இருந்து இவ மாறிட்டா. ரெண்டு தோசைக்கு நாலு தோசை திங்கறா. தறிச் சத்தம் கேக்குது, நூல் அறுந்தா எனக்கு முந்தி ஓடறா. ஆருகிட்டயோ ஃபோனுல, "சரிங்க மேடம், வந்துர்றேங்க மேடம்"ங்கறா. சிரிக்கறாளுங்க. அணையற விளக்குத்தான் எகிறி எரியும்னு சொல்லுவாங்களே, அதை நெனைச்சு நெனைச்சு எனக்குச் சோறு எறங்கலை.

இன்னிக்குக் காலையில ஒண்ணும் சாப்புடலை. தலைக்குக் குளிச்சா. பள்ளிக்கூடத்துச் சர்ட்டிபிகேட்டெல்லாம் வெச்சிருப்பாளே, அந்த ஃபைலைத் தூக்கிப் பையில வெச்சா, நாலு துணிமணி வெச்சா. "எங்க புள்ள?"ன்னேன். "ஒரு வேலையாப் போறேன். பொழுதோட ஃபோன் பண்றேம்மா"ன்னா. பொழுதோட வந்துர்றேன்னு சொல்லலைங்க. ஃபோன் பண்றேன்னு சொன்னா. வாசல் வரைக்கும் போனவ திரும்பி வந்து, என் தலையில இருந்து ஒரு பஞ்சை எடுத்துப் போட்டுட்டுப் போனா.

வெறும் வயிறு, தலைக்குக் குளி, இந்த வண்டி. கோயிலுக்குத்தான போறா? பூக் கேக்கத்தான போறா? கேக்கறதுக்கு அவளுக்கு இன்னும் என்னங்க மிச்சம் இருக்குது? இருக்கட்டுமா, போயிரட்டுமான்னு கேக்கறதைத் தவிர? ஆத்தா என் மேல கோவமா இருக்கறா. அந்தக் கோவத்துல செவப்பைக் குடுத்துட்டா? இவ கேட்டுக்குவாளுங்க. போன தடவை கேட்டுக்கிட்டாளே. ஒரு வார்த்தை எதுத்துப் பேசாமக் கேட்டுக்கிட்டாளே.

அம்மிணி, உங்களைப் பாத்தா நல்லவங்களா இருக்கீங்க. நீங்க போய் அவகிட்டச் சொல்றீங்களா? நான் சொன்னேன்னு வேண்டாம். "பின்னால ஒரு கெழவி உக்காந்திருக்குது, அது கட்டின பொட்டலம் ரெண்டுமே செவப்பாம், ஆத்தாளை நம்பி எதுவும் பண்ணிக்காத"ன்னு சொல்லுங்க. ரெண்டு வார்த்தைதான். ஏழெட்டு சீட்டுத் தாண்டினா அவதான். ஏனுங்க தலையை ஆட்டறீங்க? உங்களுக்கென்ன, அவ உங்க மூஞ்சியை நாளைக்குப் பாக்கப் போறாளா? எனக்குத்தான...

கண்டக்டர் விசிலடிக்கறான். கோயில் பிரிவு வந்துருச்சு. ஐயோ, எந்திரிச்சுட்டா பாருங்க. எந்திரிச்சுட்டா. நான் எறங்கறேன், வழி விடுங்க, நான்...

இல்லை. அந்தக் கூடைக்காரப் பெரியம்மா எறங்கறதுக்கு வழி விட்டிருக்கா. மறுபடி உக்காந்துட்டா.

எறங்கலையே. அவ எறங்கலையே!

இருங்க தம்பி, விசிலடிக்காதீங்க. கோயிலுன்னுதான் டிக்கெட் எடுத்தேன், ஆமா. எறங்கலை நான். ஏந்தம்பி, அந்தப் பச்சைச் சுடிதாருப் புள்ளை எங்க வரைக்கும் எடுத்திருக்குது? கோயமுத்தூரா? நல்லாப் பாத்துச் சொல்லுங்க. கோயமுத்தூரேதானா?

கோயமுத்தூருல என்னங்க இருக்குது? ஆத்தா இல்லையே அங்க.

என்னங்க அம்மிணி சொன்னீங்க? மறுபடி சொல்லுங்க. வேலைக்குப் போறாங்க போலன்னா? என்கிட்டச் சொல்லாமயா? அந்த மேடம்னு பேசினது அதுக்கா? சாகப் போறவ ஃபைலை எதுக்குங்க எடுத்துட்டுப் போறான்னு கேக்கறீங்க. நியாயம்தான். நியாயம்தான். எனக்கு ஏன் தோணலை? அப்ப அவ உசுருக்கு ஒண்ணுமில்லை. ஆத்தா, தாயே, ஒண்ணுமில்லை. வயித்துக்குள்ள ஓடின தறி நின்னுருச்சுங்க.

இல்லை, நிக்கலை.

ஏனுங்க அம்மிணி, ஒண்ணு கேக்கறேன். தூசிதாம்மா இருந்துச்சுன்னு சொன்னாளே, அப்ப அவ என் மூஞ்சியையே பாத்துக்கிட்டிருந்தாளுங்க. கண்ணைச் சிமிட்டலை. நான்தான் அடுப்புப் பக்கம் திரும்பிக்கிட்டேன். நான் ஏதாச்சும் சொல்லுவேன்னு நின்னுக்கிட்டிருந்தாளா? ரொம்ப நேரம் நின்னா. பால் பொங்கி வழியற வரைக்கும் நின்னா. ஒரு வாரம் பூரா அப்பப்ப வந்து வந்து நின்னா. இன்னிக்குக் காலையிலகூட, வாசல் வரைக்கும் போயிட்டுத் திரும்பி வந்து நின்னாளே.

எலியில்லையா அப்ப? ஆத்தாளும் இல்லையா?

நீங்க முன்னால சாய வேண்டாம் அம்மிணி. நல்லா நிமுந்து உக்காந்துக்குங்க. நான் தெரிஞ்சாத் தெரியட்டும்.

மேகலா! ஏ புள்ள, மேகலா! அம்மாதான். பின்னால இருக்கறேன். திரும்பாத, திரும்ப வேண்டாம். அப்படியே கேளு. ரெண்டுமே செவப்பு புள்ள. நான்தான் கட்டினேன். ஆத்தா சொல்லலை, நான்தான் சொன்னேன். ஆத்தா ஒண்ணுமே சொல்லலை கண்ணு. நீ போயிருவேன்னு பயந்து போய்... உன் நல்லதுக்கில்லை. எனக்குப் பயமா இருந்துச்சு. தனியா இருக்கறதுக்கு எனக்குப் பயமா இருந்துச்சு புள்ள!

வண்டியில எல்லாரும் என்னையப் பாக்கறாங்க. பாக்கட்டும். அவ மட்டும் பாக்கலை. திரும்ப வேண்டாம்னு நான்தான் சொன்னேன். இருந்தாலும் திரும்பியிருக்கலாம். கேட்டிருக்குமுங்களா அவளுக்கு? இந்த வண்டிச் சத்தத்துல...

நகர்றா. பாருங்க, பாருங்க. அந்தப் பெரியம்மா எறங்கின எடத்துக்கு, ஜன்னலோரமா நகந்துட்டா. பங்குனி வெயிலு நேரா மூஞ்சியில அடிக்குது, அங்க போய் உக்காந்துக்கிட்டா. எனக்கு எடம் விட்டாளா? இல்லை, என்னைய விட்டுத் தள்ளிப் போறாளா? உங்களுக்கு எப்படித் தோணுது? சொல்லுங்க அம்மிணி. வெளியூருக்காரங்க, உங்களுக்கு நல்லாத் தெரியும்.

சரி, வழி விடுங்க அம்மிணி, நான் எந்திரிக்கறேன்.

தம்பி, எனக்கும் கோயமுத்தூருக்கு ஒண்ணு கிழிங்க. கம்பியைப் பிடிச்சுக்கிட்டே போயிருவேன், நீங்க கையை விடுங்க. போய் உக்காந்தாத்தான் தெரியும்.